எழுதுகிறது, அணைக்க வேண்டாம்

அணைக்க வேண்டாம் என்று திரையில் போட்டிருக்கிறது. யார் அணைக்கப் போகிறார்கள்? நான் மாட்டேன். சோபாவில் உட்கார்ந்து சுவர்க் காலண்டரையே பார்த்துக்கொண்டிருக்கும் என் வீட்டுக்காரர் நாச்சிமுத்துவும் மாட்டார், அவர் தானாக எழுந்து ஒரு வாரத்துக்கு மேலாகிறது, பாத்ரூமுக்குக்கூட நான்தான் கக்கத்தில் கை கொடுத்து நிமிர்த்திக் கூட்டிப்போகிறேன். வீட்டில் வேறு ஆளில்லை. ஆனாலும் அந்த வாக்கியம் என்னைத்தான் பார்க்கிறது, துளசிமணி, தொடாதே, துளசிமணி, கையை வைக்காதே. சரி சாமி, வைக்கவில்லை. கையைக் கட்டிக்கொண்டு டிவிக்கு முன்னால் தரையில் உட்கார்ந்திருக்கிறேன். டிவிக்குப் பக்கத்தில் நிற்கிறது அந்த வெள்ளைப் பெட்டி. என் மகன் நந்தகுமார் காலேஜில் படித்தபோது வாங்கிய வீடியோ கேம் பெட்டி. அவன் கனடா போய்விட்டான், பெட்டி கோயமுத்தூரில் எங்களோடு தங்கிவிட்டது. முன்பக்கத்தில் ஒரு பச்சை விளக்கு, அது எரிந்தால் உயிர் இருக்கிறது. திரையில் சின்னச் சின்னக் கட்டங்கள் ஒன்றன்பின் ஒன்றாகப் பச்சையாகிக்கொண்டு வருகின்றன, அரிசியில் கல் பொறுக்குகிற வேகத்தில். இது இன்னும் ஆபத்தில்லாத பாதிதான். பெட்டியின் மூளையில் இருப்பதையெல்லாம் ஒரு மெமரி கார்டில் நகல் எடுக்கிற வேலை. இது முடிந்தபிறகு வருவதுதான் எழுதுகிற வேலை, மூளைக்குள் புதிதாக ஒன்றை வைக்கிற வேலை. "அம்மா, மொதல்ல காப்பி, அப்பறந்தான் எழுதறது, மாத்திச் செஞ்சு போடாத" என்று போனில் நாலு தரம் சொன்னான். யாருக்குச் சொல்கிறான்? பெண்கள் பள்ளியில் கெமிஸ்ட்ரி லேப் உதவியாளராகவே வேலைக்காலத்தைக் கழித்தவள் நான். தண்ணீரில் ஆசிட்டை ஊற்று, ஆசிட்டில் தண்ணீரை ஊற்றாதே என்று எத்தனை செட் பிள்ளைகளிடம் கத்தியிருப்பேன். வரிசை மாறினால் என்ன ஆகும் என்று எனக்கா தெரியாது?

எல்லாம் இந்தப் பெட்டி விளையாட்டு டிஸ்க்கைப் படிக்காமல் போனதால் வந்தது. வாதம் அடித்து ஆஸ்பத்திரியிலிருந்து வந்த பிறகு இவரை நிற்க வைக்க நாங்கள் படாத பாடு பட்டோம். வலது கை, வலது கால், பேச்சு, மூன்றும் ஒரே காலையில் போய்விட்டன. மின்வாரியத்தில் கம்பம் ஏறின மனுஷன், ஃபோர்மேனாகி ஓய்வு பெற்ற பிறகும் தெருவில் எந்தக் கம்பத்தில் எந்த ஃபேஸ் என்று சொல்லுகிற மனுஷன், தன் பெயரைக்கூடச் சொல்ல முடியாமல் வாயைக் கோணிக்கொண்டு அழுதார். பிசியோதெரபி பார்க்க வருகிற பெண் ஜெனிட்டா, அந்தப் பிள்ளைதான் டிவி மேசைக்குக் கீழே கிடந்த இந்தப் பெட்டியைப் பார்த்துவிட்டு "அங்கிள், இதுல விளையாடலாமா?" என்று கேட்டாள். கையில் ஒரு வெள்ளைக் குச்சியைப் பிடித்துக்கொண்டு வீச வேண்டும், திரையில் பந்து உருளும், கடைசியில் நிற்கிற பத்துக் கட்டைகளும் சாயும். சின்னப்பிள்ளை விளையாட்டு என்று நான் நினைத்தேன். முதல் நாள் உட்கார்ந்தபடி வீசினார். பிறகு ஒரு நாள் சோபாவின் கையைப் பிடித்துக்கொண்டு எழுந்தார், நான் கேட்கவில்லை, யாரும் கேட்கவில்லை, பந்து சரியாகப் போகவில்லை என்கிற கோபத்தில் எழுந்துவிட்டார். பத்துக் கட்டையும் விழுந்தது. "அட்றா!" என்றார். நான் அடுப்படியில் இருந்தேன். கையிலிருந்த கரண்டியோடு அப்படியே நின்றேன். வாதத்துக்குப் பிறகு அவர் வாயிலிருந்து முழுசாக வந்த முதல் வார்த்தை அது. அதற்கப்புறம் தினமும் காலையில் இட்லி ஆனதும் பெட்டியைக் கை காட்டுவார். திரையில் அவர் பெயரில் ஒரு பொம்மை மனிதன் இருக்கிறான், முன்பு நந்து கேலிக்குச் செய்து வைத்தது, பெரிய மீசை, வழுக்கை. அவனும் இவரும் சேர்ந்துதான் எழுவார்கள். டாக்டர் மாத்திரையைத்தான் நம்புகிறார், நம்பட்டும். எழுப்பினது எது என்று எனக்குத் தெரியும்.

பிறகு ஆயுத பூஜை வந்தது. எப்போதும் அன்றைக்கு இவர்தான் ராஜா. கட்டிங் பிளேயர், டெஸ்டர், இடுப்பு பெல்ட், கயிறு எல்லாவற்றையும் துடைத்து வரிசையாக வைத்துச் சந்தனம் வைப்பார், மிக்ஸி, கிரைண்டர், என் தையல் மிஷின், ஸ்கூட்டர் எதையும் விடமாட்டார். இந்த வருடம் நானே வைத்துவிடலாம் என்று கிண்ணத்தில் சந்தனம் குழைத்துக்கொண்டு வந்தேன். கிண்ணத்தை வாங்குவதற்குக் கை நீட்டினார், வலது கையை. நான் கிண்ணத்தைப் பிடித்துக்கொண்டேன், அவர் விரலைத் தோய்த்தார். பிளேயருக்கு ஒரு பொட்டு, கொஞ்சம் இழுபட்டது. டெஸ்டருக்கு ஒன்று. பிறகு இந்த வெள்ளைப் பெட்டிக்கு, அவரை எழுப்பிய பெட்டிக்கு, நன்றாக அழுத்தி வட்டமாக ஒன்று, சரியாக டிஸ்க் போகிற வாயின் மேலேயே. அதற்கு மேல் ஒரு சிட்டிகை குங்குமம். சந்தனம் உள்ளே இறங்குவதை நான் பார்த்தேன். பொடி உதிர்வதையும் பார்த்தேன். சட்டைப் பொத்தான் போட முடியாத கை அது, அது வட்டமாகப் பொட்டு வைக்கிறது, அந்த நேரத்தில் ஐயோ மெஷினு என்று எந்தப் பொண்டாட்டி சொல்லுவாள்? வெளியே இருந்ததைப் பிறகு துடைத்தேன், உள்ளே போனது உள்ளே காய்ந்துவிட்டது. கொஞ்ச நாள் திக்கித் திக்கிப் படித்தது, அப்புறம் படிக்கவேயில்லை. உள்ளே ஒரு கண் இருக்கிறதாம், வெளிச்சத்தால் படிக்குமாம், அந்தக் கண்ணில்தான் பூசியிருக்கிறோம். காந்திபுரத்தில் கடை கடையாக ஏறி இறங்கினேன். "இதுக்கெல்லாம் இப்ப பார்ட்ஸ் வர்றதில்லீங்க, வேற வாங்கிக்கோங்க" என்றார்கள். நந்துவும் புதுசு அனுப்புகிறேன் என்றான். இந்தப் பெட்டிக்கே பழக எத்தனை மாதம் ஆனது என்று அவனுக்கு என்ன தெரியும்? மீசைக்கார பொம்மை புதுசில் இருக்குமா? ஆனால் என் நெஞ்சை அறுப்பது இதெல்லாம் இல்லை. டிஸ்க் படிக்காத அந்தக் காலையில் திரையில் இங்கிலீஷில் என்னவோ எழுதி நின்றுவிட்டது, இவர் எழுந்து நின்று குச்சியை வீசினார், மறுபடி வீசினார், ஒன்றும் அசையவில்லை. பெட்டி கெட்டது என்று அவருக்குத் தோன்றவில்லை. குச்சியை டீப்பாயின் மேல் வைத்துவிட்டு வலது கையைத் தூக்கிப் பார்த்தார், வெகுநேரம் பார்த்தார். பிறகு இடது கையால் அதை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தவர்தான். "கை நல்லாத்தானுங்க இருக்குது, பொட்டிதானுங்க ரிப்பேரு" என்று எத்தனை தரம் சொல்லிவிட்டேன். ஆறுதலுக்குச் சொல்கிறேன் என்று நினைத்துக்கொள்கிறார்.

கட்டங்கள் கடைசி வரிசைக்கு வந்துவிட்டன. டிஸ்க்கே வேண்டாம், பெட்டியின் பின்பக்கம் ஒரு ஹார்ட் டிஸ்கைச் செருகி அதிலிருந்தே ஆடலாம் என்று நந்துதான் கண்டுபிடித்தான். எங்கள் டிஸ்கிலிருந்து காலேஜ் நாளில் அவனே எடுத்துவைத்த நகல் பீரோவுக்குள் பழைய ஹார்ட் டிஸ்கில் கிடந்தது. ஆனால் பெட்டி சாதாரணமாக அதற்கு ஒத்துக்கொள்ளாது, அதற்கு ஒரு சாஃப்ட்வேரை உள்ளே வைக்க வேண்டும், கம்பெனி எழுதினது இல்லை, உலகத்தில் எங்கெங்கோ இருக்கிறவர்கள் ஆசைக்கு எழுதிச் சும்மா கொடுப்பது. ஹோம்ப்ரூ என்று பெயராம். "வீட்ல காய்ச்சறதா? போலீஸ் வராதாடா?" என்றேன், சிரித்தான், அவன் சிரித்துக் கேட்டே நாளாகிவிட்டது. பிறகு சிரிப்பை நிறுத்திக்கொண்டு ஒவ்வொன்றாகச் சொன்னான். இன்டர்நெட்டில் காசு கேட்கிற பக்கத்தைத் திறக்காதே, அது ஏமாற்று. வீடியோவில் எவனாவது எல்லாம் சேர்த்து ஒரே மூட்டையாகக் கொடுத்தால் எடுக்காதே. எந்த நாட்டுப் பெட்டியோ அந்த நாட்டுக்கு உண்டானதுதான் வேண்டும், நம்முடையது சிங்கப்பூர் வழியாக வந்தது, கீழே ஒட்டியிருக்கிற எண்ணைப் படித்துச் சொல். பெட்டியைக் கவிழ்த்துப் படித்தேன், கண்ணாடியைப் போட்டுக்கொண்டு மறுபடி படித்தேன். எண்ணைக் கேட்டதும் இன்னொரு தரம் படிக்கச் சொன்னான். "அம்மா, இது கடைசியா வந்த மாடலு. இதுல எழுதீட்டு இருக்கறப்ப பாதில நின்னா அவ்ளோதான். காப்பி இருந்தாலும் உள்ள போறதுக்கு வழி இருக்காது. செங்கல்லு மாதிரி ஆயிரும்." அப்புறம் எதற்குடா காப்பி என்றேன். வேற மாதிரி கெட்டால் உதவும், கரண்ட் போய்க் கெட்டால் உதவாது என்றான். கரண்ட். எங்கள் வீட்டிலேயே கரண்டுக்குப் பயப்பட வேண்டியிருக்கிறது பார். பராமரிப்பு மின்தடை எந்தெந்த ஏரியா என்று பேப்பரில் பார்த்துவிட்டேன், இன்றைக்கு நாங்கள் இல்லை. அதை மட்டும் நம்பவில்லை. பெட்ரூமில் இன்வெர்ட்டரில் ஓடுகிற பிளக் ஒன்று இருக்கிறது, அதிலிருந்து நீளமான வயரை இழுத்துவந்து பெட்டிக்குக் கொடுத்திருக்கிறேன். டிவிக்கு எட்டவில்லை, டிவி எப்போதும் போல ஹால் சுவிட்சிலேயே இருக்கிறது. டிவி வெறும் காட்டுகிற சாமான்தானே, போனால் போகட்டும்.

கட்டங்கள் முடிந்துவிட்டன. கார்டை எடுக்கச் சொல்லவில்லை, எடுக்கவில்லை. எழுதுகிற பக்கத்துக்குப் போனேன், நந்து சொன்ன பெயர்தானா, அவன் சொன்ன எண்தானா, ஒவ்வொரு எழுத்தாகப் பார்த்தேன், பாட்டிலில் இருந்து ஊற்றுவதற்கு முன்னால் லேபிளை மூன்று தரம் படிக்கச் சொல்லுவேனே அப்படி. மூன்றாவது தரம் படித்துக்கொண்டிருந்தபோது அவரைத் திரும்பிப் பார்த்தேன். காலண்டரை விட்டுவிட்டு என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார். "சரி ஆயிருமுங்க, இன்னிக்குச் சாயந்தரமே ஆடலாம்" என்றேன். பொத்தானை அழுத்திவிட்டேன். எழுதுகிறது, அணைக்க வேண்டாம். ஒரு கோடு, இடது ஓரத்தில் துளி வெள்ளை. அது நகர்கிறதா? நகர்கிறது, இல்லை நின்றிருக்கிறது, இல்லை, நகர்ந்துவிட்டது. இப்படித்தான் ஐ.சி.யூ. வாசலில் கதவின் கண்ணாடியைப் பார்த்துக்கொண்டு நின்றேன், உள்ளே அந்த மெஷினில் ஒரு கோடு ஓடிக்கொண்டே இருந்தது, அது என்ன சொல்கிறது என்று யாரும் சொல்லவில்லை, நின்றுவிடக் கூடாது என்பது மட்டும் தெரிந்தது. மூளையில் எங்கேயோ ஒரு இடத்துக்கு ரத்தம் போகவில்லை என்றார்கள். கொஞ்சநேரம் கரண்ட் இல்லாமல் இருந்திருக்கிறது, அவ்வளவுதான், அதற்குள் எத்தனை அழிந்துவிட்டது. அவருக்கு யாரும் முதலில் நகல் எடுத்து வைக்கவில்லை. அவருடைய குரல்கூட என்னிடம் இல்லை, போனில் தேடித் தேடிப் பார்த்தேன், கல்யாண வீட்டு வீடியோ ஒன்றில் பந்திக்குக் கூப்பிடுகிறார், அதுவும் மேளச் சத்தத்தில் கேட்கவில்லை. சீ, என்ன நினைப்பு இது, ஆள் பக்கத்தில் குத்துக்கல்லாட்டம் உட்கார்ந்திருக்கும்போது. கோடு பாதியைத் தாண்டுகிறது. மின்விசிறிக் காற்றில் காலண்டர் தாள் சுவரில் அடித்துக்கொள்கிறது. தெருவில் பழைய இரும்புக்காரன் மைக்கில் கத்திக்கொண்டு போகிறான், அவனுடைய வண்டியில் இந்தப் பெட்டியைப் பார்க்கிறேன், வேண்டாம், அதைப் பார்க்க வேண்டாம். இது செங்கல்லாகிவிட்டால் நாளைக்கு இட்லி ஆனதும் நான் எதைக் காட்டி அவரை எழுப்புவேன்? பயமாக இருக்கிறது. வெட்கம் என்ன, பயமாகத்தான் இருக்கிறது.

டிவி அணைந்துவிட்டது. கோடு போய்விட்டது, கண்ணாடியில் என் முகம் தெரிகிறது. ஃபிரிட்ஜ் ஒரு குலுக்குக் குலுக்கி அமைதியாகிறது, பெட்ரூமில் இன்வெர்ட்டர் டக் என்று மாறுகிற சத்தம், மின்விசிறி ஒரு கணம் தளர்ந்து மறுபடி சுற்றுகிறது. பெட்டி? பச்சை விளக்கு எரிகிறது. எரிகிறது, அம்மா தாயே, எரிகிறது. கண் தெரியாமல் எழுதிக்கொண்டிருக்கிறது. இப்போது நான் செய்ய வேண்டியது ஒன்றுமே இல்லை, பாதிக்கு மேல் ஆகிவிட்டது, மிச்சம் கொஞ்சம்தான், விளக்கையே பார்த்துக்கொண்டு பேசாமல் உட்கார்ந்திருந்தால் போதும். பின்னால் சோபா கிரீச்சென்றது.

அவர் எழுந்து நிற்கிறார். சோபாவின் கையைப் பிடிக்கவில்லை, தடியைத் தேடவில்லை. அவர் முகத்தைப் பார்த்ததுமே எனக்குப் புரிந்துவிட்டது. கரண்ட் போய்விட்டது, இவர் இனி என்ன செய்வார் என்று கட்டிக்கொண்டு வந்த நாளிலிருந்து எனக்குத் தெரியும். சாப்பிட்டுக்கொண்டிருந்தாலும் எச்சில் கையோடு எழுந்துவிடுவார், முதலில் டிவி, அப்புறம் ஃபிரிட்ஜ், அப்புறம் மற்றதெல்லாம், வீடு முழுக்கச் சுற்றிச் சுவிட்சை அணைத்துவிட்டு வந்துதான் உட்காருவார். "போனதுல ஒண்ணுமில்ல புள்ள, வர்றப்பத்தான் ஜாஸ்தியா வரும்" என்பார். எங்கள் வீட்டில் இதுவரைக்கும் ஒரு பல்பு வெடித்ததில்லை. வலது காலை இழுத்து வைக்கிறார், இடது காலை வைக்கிறார். எவ்வளவு மாதமாயிற்று இவர் இப்படி நடந்து, யாரையும் எதையும் பிடிக்காமல். டிவி சுவிட்சுக்குப் போய்விட்டார், இடது கையால் அணைத்தார். போதும், இதோடு உட்காருங்கள், சாமி இதோடு உட்காரட்டும். ஃபிரிட்ஜுக்குத் திரும்புகிறார். ஏனுங்க என்று நாக்கு நுனிவரை வந்துவிட்டது, கடித்துக்கொண்டேன். "ஆன்ட்டி, நடக்கறப்ப பின்னாடி இருந்து கூப்பிடாதீங்க" என்று ஜெனிட்டா சொல்லியிருக்கிறாள், மறந்துபோய் ஒரு தரம் கூப்பிட்டுவிட்டேன், திரும்பிப் பார்த்தவர் அப்படியே சாய்ந்து நெற்றி கிழிந்தது, அந்தத் தழும்பு இங்கிருந்தே தெரிகிறது. ஃபிரிட்ஜையும் அணைத்தாயிற்று. இப்போது தலையைக் குனிந்து தரையைப் பார்க்கிறார். வயரைப் பார்த்துவிட்டார். வெள்ளைப் பெட்டியிலிருந்து கிளம்பி ஹாலைத் தாண்டி பெட்ரூமுக்குள் போகிற புது வயரை. எத்தனை ஊரில் எத்தனை லைனைக் கண்ணாலேயே பிடித்துக்கொண்டு நடந்த ஆள், ஒரு வயர் கிடந்தால் அது எங்கே போய் முடிகிறது என்று பார்க்காமல் விடுவாரா? அதன் பக்கத்திலேயே நடக்கிறார்.

நான் எழுந்து, சத்தமில்லாமல் சுற்றிக்கொண்டு, அவருக்கு முன்னால் பெட்ரூம் வாசலுக்கு வந்துவிட்டேன். இப்போது நான் அவருக்கு எதிரில் இருக்கிறேன், இனி பேசலாம், பேசினால் விழமாட்டார். இது இன்வெர்ட்டருங்க, இதுக்கு ஒண்ணும் ஆகாதுங்க, கொஞ்சம் பொறுங்க, இத்தனை சொன்னால் போதும். சொன்னால் நின்றுவிடுவார். நின்று, மறுபடியும் கையைத் தூக்கிப் பார்ப்பார், இதுவும் தப்பா என்று. அவர் முகத்தில் வேர்வை. ஆனால் அது நோயாளி முகமில்லை, மழை நாளில் லைன் அறுந்துவிட்டது என்று போன் வந்ததும் பெல்ட்டைக் கட்டிக்கொண்டு கிளம்புவாரே, அந்த முகம், நான் மறந்தே போயிருந்த முகம். கதவு நிலையில் இடது கையை ஊன்றிக்கொண்டார். அந்த இன்வெர்ட்டர் பிளக்கின் சுவிட்ச் அவருக்கு வலது பக்கம் இருக்கிறது. வலது கை மேலே வருகிறது. சுருண்ட விரல்கள், அதிலிருந்து ஒரு விரல் மட்டும் மெல்ல நிமிர்கிறது, சுவிட்சுக்குக் கீழே சுவரைத் தொடுகிறது, வழுக்கி மேலே ஏறுகிறது. ஹாலில் பச்சை விளக்கு எரிந்துகொண்டிருக்கிறது. நான் அந்த மணிக்கட்டைப் பிடித்தால் பெட்டி பிழைக்கும். என் கை அவருடைய கைக்கு வெகு பக்கத்தில்தான் இருந்தது. நான் பிடிக்கவில்லை.

டக் என்றது. வயரைத் திரும்பிப் பார்த்தேன், அதன் முனையில் பெட்டியையும் பார்த்தேன். பச்சை விளக்கு இல்லை. அந்த இடத்தில் ஒரு வெள்ளை டப்பா நின்றது, வாயோரம் துடைத்தும் போகாத கொஞ்சம் சந்தனக் கறையோடு. எனக்கு அழுகை வந்தது, அது அதற்காகத்தானா என்று தெரியவில்லை. அவர் நிலையில் சாய்ந்து மூச்சு வாங்கினார், தன் விரலைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார். வாய் இரண்டு தரம் திறந்து மூடியது.

"வர்றப்ப," என்றார், "ஜாஸ்தியா வரும் புள்ள."

"ஆமாங்க," என்றேன். "நல்ல வேளைங்க, நிறுத்துனீங்க."

உடனே கரண்ட் வந்துவிட்டது, பக்கத்து வீட்டில் மோட்டார் ஓடத் தொடங்கியது. நான் சுவிட்சைப் பார்த்தேன், அவர் தலையை ஆட்டினார், வேண்டாம். வந்ததும் போடக் கூடாது, கொஞ்சநேரம் பொறுத்துப் பார்த்துத்தான் போட வேண்டும், எப்போதும் அப்படித்தான். யாரும் யாரையும் பிடிக்காமல் வாசலில் நின்றுகொண்டிருக்கிறோம். அவர் போடச் சொல்கிறவரை நான் போடமாட்டேன்.